நாலு விரல் பாவு

எனக்குத் துணி தெரியும். பெருமைக்காகச் சொல்லவில்லை என்று எழுத வந்தேன், பொய். பெருமைக்காகத்தான் சொல்கிறேன். ஆரணிப் பக்கத்தில் தறிக்காரர் வீட்டில் பிறந்தவள். கல்யாணமாகி ஆவடிக்கு வந்து, சீருடை தைக்கிற தொழிற்சாலையில் கட்டிங் பிரிவில் சேர்ந்து, முப்பது வருஷம் துணி வெட்டினேன். தைத்து வருவதைச் சரிபார்க்கிற மேஜையிலும் சில வருஷம் உட்கார்ந்திருக்கிறேன். ஒரு பிசிறு நூல் தொங்கினாலும் சட்டையைத் திருப்பி அனுப்பிவிடுவேன். தையல்காரர்கள் என் முதுகுக்குப் பின்னால் என்னென்னவோ பேசுவார்கள். எல்லாம் என் காதில் விழும்.

இவ்வளவு தெரிந்த நான்தான், என் சம்பந்தி ஐந்து வாரமாக நெய்த துணியைக் கத்தரிக்கோலால் இரண்டாக வெட்டினேன். இந்தக் கதையை என் மருமகள் தெருவெல்லாம் ஒரு மாதிரி சொல்லிக்கொண்டிருக்கிறாள், என் வீட்டுக்காரர் வேறு மாதிரி சொல்கிறார். இரண்டிலும் எனக்கு மரியாதை கம்மி. அதனால் நானே சொல்லிவிடுகிறேன்.

என் மகன் கம்ப்யூட்டர் வேலையில் இருக்கிறான். இரண்டு வருஷம் மெக்சிகோவுக்கு அனுப்பினார்கள். அங்கே அதே ஆபீஸில் ஒரு பெண் வேலை பார்த்தாள். அவளுக்கு மெக்சிகோ சொந்த ஊர் இல்லை. அதற்குக் கீழே குவாத்தமாலா என்று ஒரு நாடு, அதில் எரிமலைகளுக்கு நடுவே ஏரிக்கரையில் ஒரு ஊர். மாயா இனத்துப் பெண். மகன் போனில் சொன்னபோது நான் இரண்டு நாள் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் பசித்தது. கல்யாணம் நடந்தது, மகனுக்குச் சென்னை ஆபீஸுக்கே மாற்றல் கிடைத்து, இருவரும் திருநின்றவூரில் எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார்கள். தமிழை அவள் கற்றுக்கொண்டது என் வீட்டுக்காரரிடம். அவர் பட்டாபிராமில் பிறந்து வளர்ந்து, டாங்கித் தொழிற்சாலையில் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். அதனால் என் மருமகள் வாயைத் திறந்தால் "இன்னா அத்தே, டீ ஆறிப்போயிகினு கீது" என்றுதான் வரும். காய்கறிக்காரர் முதல் தடவை கேட்டபோது தராசை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார்.

அவளுக்கு ஏழு மாதம் ஆனபோது வளைகாப்பு வைத்தோம். தலைப்பிரசவத்துக்குப் பெண்ணைத் தாய் வீட்டுக்கு அனுப்ப வேண்டும். எங்கே அனுப்புவது? இந்த நிலையில் விமானம் கூடாது என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். அதனால் தாய் வீடே இரண்டு பெட்டிகளில் எங்கள் வீட்டுக்கு வந்து இறங்கியது.

சம்பந்திக்கு என்னைவிட நாலைந்து வயது குறைவு. என் தோள் உயரம்தான் இருப்பாள். சிவப்புத் துணியை இடுப்பில் பாவாடை மாதிரி சுற்றி, மேலே பறவைகள் போட்ட கனமான சட்டை போட்டிருந்தாள். நான் அவளைக் கட்டிப்பிடிக்கிற சாக்கில் அந்தச் சட்டையின் ஓரத்தைத் திருப்பி உள்பக்கம் பார்த்தேன். துணி தெரிந்தவர்கள் முதலில் பார்ப்பது பின்பக்கத்தைத்தான். நிமிர்ந்தால், அவள் என் ரவிக்கையின் கைத்தையலைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அதற்குப் பிறகு பாஷை இல்லையே என்று நான் கவலைப்படவில்லை.

இரண்டாவது பெட்டியைத் திறந்தாள். உள்ளே நூல் கண்டுகள், பத்துப் பன்னிரண்டு குச்சிகள், ஒரு கயிறு, இடுப்பில் கட்டுகிற அகலமான ஒரு பட்டை.

என் வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். "இன்னாம்மே இது, தறி எட்துகினு வராங்கோன்னு சொன்னே, வெறவு கட்டு மாரி கீது?"

எனக்கும் அப்படித்தான் தோன்றியது. என் பிறந்த வீட்டில் தறி ஒரு அறையை முழுசாக அடைத்துக்கொண்டிருக்கும்; மிச்சமிருந்த இடத்தில்தான் நாங்கள் படுத்தோம். இவள் தறியைச் சுருட்டி ஆணியில் மாட்டிவிடுகிறாள். ஆனால் அவள் உட்கார்ந்து காட்டியதும் வாயை மூடிக்கொண்டேன். பாவின் ஒரு முனைக் குச்சியைக் கயிற்றால் ஏதாவது ஒரு மரத்தில் கட்டுகிறாள். மறுமுனைக் குச்சியைப் பட்டையால் தன் இடுப்போடு கட்டிக்கொள்கிறாள். பின்னால் சாய்ந்தால் பாவு விறைக்கிறது, முன்னால் குனிந்தால் தளர்கிறது. தறியின் பாதி மரம், மீதி அவள். நீளவாக்கில் ஓடுகிற நூல் பாவு, குறுக்கே போகிற நூல் ஊடை, அது அங்கேயும் இங்கேயும் ஒன்றுதான். ஆனால் எங்கள் ஊர்த் தறியில் புட்டா போட மேலே ஒரு பெட்டியும் துளைபோட்ட அட்டைகளும் உண்டு. இவளுக்கு அதெல்லாம் கிடையாது. ஒவ்வொரு பறவைக்கும் பாவு நூலை விரலால் எண்ணித் தூக்கி, வண்ண நூலை நுழைக்கிறாள். எந்த நூலை எடுக்க வேண்டும், எதை விட வேண்டும் என்பதெல்லாம் அவள் தலைக்குள் இருக்கிறது.

முதல் நாள் வாசல் முருங்கை மரத்தில் கட்டப் போனாள். நான் அடுப்படியிலிருந்து கத்திக்கொண்டே ஓடி வந்தேன். முருங்கையை நம்பி யாராவது சாய்வார்களா? அவளே ஒரு கிளையை இழுத்துப் பார்த்தாள், கையோடு வந்துவிட்டது. என் வீட்டுக்காரர் டிரில் எடுத்து வந்து போர்டிகோ தூணில் ஓர் இரும்புக் கொக்கி அடித்துக் கொடுத்தார். டாங்கியையே இழுத்துக் கட்டலாம் என்று அதைப் பற்றி இன்றைக்கும் பீற்றிக்கொள்கிறார்.

தினமும் காலை பத்து மணிக்குத் தூணடியில் பாய் போட்டு மண்டியிட்டு உட்காருவாள். மீன்காரம்மா கூடையை இறக்கிவைத்துவிட்டு நின்று பார்ப்பார். நான் பக்கத்தில் தையல் மிஷினைப் போட்டுக்கொண்டு தெருக்காரர்களின் ரவிக்கைகளைத் தைப்பேன். மருமகள் ஊஞ்சலில் உட்கார்ந்து எங்கள் இருவருக்கும் நடுவே பேச்சை மாற்றிக் கொடுப்பாள்.

அப்படித்தான் அவர்கள் ஊர்ச் சமாச்சாரம் தெரிந்தது. அங்கே இருபது பெண்கள் ஒன்றாகச் சேர்ந்து நெய்து விற்கிறார்கள். ஒவ்வோர் ஊருக்கும் தனிப் பறவை, தனிக் கோடு. சட்டையைப் பார்த்தே எந்த ஊர்க்காரி என்று சொல்லிவிடலாமாம்.

"மிஷின்ல அச்சடிச்சி, எங்க ஊர்து கைத்தறின்னு சொல்லி விக்கிறானுங்கோ அத்தே. அம்மாவும் மத்த பொம்பளைங்களும் கடைக்கே போயி சண்ட போட்டாங்கோ. வக்கீல் வச்சி கேஸு கூட நடத்துறாங்கோ."

எனக்குச் சம்பந்தியை நிஜமாகவே பிடித்துப்போனது அன்றைக்குத்தான். சண்டை போடத் தெரியாதவர்களோடு எனக்கு ஒட்டாது.

ஆனால் எங்களுக்குள்ளும் ஓர் உரசல் வந்தது. என்ன நெய்கிறாள் என்று ஒருநாள் கேட்டேன். பிறக்கப் போகிற குழந்தையை முதுகில் கட்டிக்கொள்கிற துணி என்று மருமகள் சொன்னாள். அவளையே அவள் அம்மா இப்படி ஒரு துணியில் கட்டிக்கொண்டுதான் சந்தைக்குப் போனாளாம். குழந்தை வருவதற்குள் துணி தறியிலிருந்து இறங்கிவிட வேண்டுமாம். எனக்குத் திக்கென்றது. எங்கள் பக்கம் பிள்ளை பிறப்பதற்கு முன்னால் அதற்கென்று புதுத்துணி எடுக்கவே மாட்டோம். பிறந்த பிள்ளையைத் துவைத்துத் துவைத்து மெத்தென்று ஆன பழைய வேட்டியில்தான் சுற்றுவோம்.

"பொறக்கறதுக்கு முன்னாடி புதுத்துணி வேணாம்னு உங்கம்மாகிட்ட சொல்லும்மா. ஆகாது," என்றேன்.

மருமகள் சொன்னாள். சம்பந்தி ஏதோ கேட்டாள். அப்படியானால் எதில் சுற்றுவீர்கள் என்று கேட்கிறாளாம். நான் எடுத்துவைத்திருந்த என் வீட்டுக்காரரின் பழைய வேட்டிகளைக் கொண்டு வந்து காட்டினேன். ஒன்றை முகர்ந்து பார்த்தாள், கன்னத்தில் தேய்த்துப் பார்த்தாள், ரொம்ப நல்லது என்று தலையாட்டினாள். ஆட்டிவிட்டுத் திரும்பித் தன் துணியை நெய்ய ஆரம்பித்தாள்.

அதாவது, உன் வழக்கம் உனக்கு, என் வழக்கம் எனக்கு. எனக்கு முணுக்கென்று கோபம் வந்துவிட்டது. இரண்டு நாள் மிஷினை உள்ளே தூக்கிப்போய் வைத்துத் தைத்தேன். மருமகள் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்றாம் நாள் உள்ளே வெளிச்சம் போதவில்லை என்று சொல்லி மிஷினை மறுபடி வெளியே கொண்டு வந்தேன். உண்மையில் வெளிச்சத்துக்குக் குறைவில்லை.

எட்டாம் மாதம் முடிந்து ஒன்பது நடந்துகொண்டிருந்தது. ஒருநாள் செக்கப்புக்காக அம்மாவும் பெண்ணும் என் வீட்டுக்காரரோடு ஆவடிக்குப் போனார்கள். நான் வீட்டில் தனியாக இருந்தேன். ஒட்டடை அடிக்கலாம் என்று போனவள், ஆணியில் தொங்கிய தறிச் சுருளை எடுத்துப் பாயில் விரித்தேன்.

அன்றைக்கு நான் பார்த்ததைச் சரியாகச் சொல்லிவிடுகிறேன். ஒரு முனையிலிருந்து நீளமாக நெய்த துணி. அப்புறம் நாலு விரல் அகலத்துக்கு நெய்யாத வெறும் பாவு. அதற்கப்புறம் ஒரு சாண் நெய்த துணி, அதோடு மறுமுனைக் குச்சி. நடுவில் இருந்த மற்றக் குச்சிகள் எல்லாவற்றையும் அவள் உருவி எடுத்திருந்தாள்.

தறிக்காரர் வீட்டில் பிறந்த யாரிடமாவது இதைக் காட்டுங்கள். என்ன சொல்வார்கள்? வேலை முடிந்தது என்பார்கள். எங்கள் ஊரில் ஒரே பாவில் துண்டு துண்டாக வரிசையாக நெய்துகொண்டு போவோம். ஒரு துண்டுக்கும் அடுத்த துண்டுக்கும் நடுவே நாலு விரல் பாவை நெய்யாமல் விடுவோம். அந்த இடத்தில்தான் வெட்டுவது. வெட்டிய நூலை முறுக்கினால் குஞ்சம். பெரிய துண்டு அம்மா தோளுக்கு, சின்னத் துண்டு பிள்ளைக்கு, எவ்வளவு அழகாகக் கணக்குப் போட்டிருக்கிறாள் என்று நினைத்தேன். அவள் சாமான்களைத் துழாவிப் பார்த்தேன், ஒரு கத்தரிக்கோல் இல்லை. பாவம், அதனால்தான் வெட்டாமல் வைத்திருக்கிறாள், என்னிடம் கேட்கக் கூச்சப்படுகிறாள் என்று முடிவு கட்டிவிட்டேன்.

இரண்டு நாள் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்ததற்கு ஏதாவது செய்ய வேண்டும் என்று எனக்கு உள்ளே உறுத்திக்கொண்டும் இருந்தது. என் கத்தரியை எடுத்தேன். பத்து அங்குலக் கத்தரி, சாணை பிடித்தது, கை வைத்தால் ஓடும். நாலு விரல் இடைவெளிக்கு நட்டநடுவில், ஸ்கேல் வைத்த மாதிரி, ஒரே ஓட்டமாக வெட்டினேன். வெட்டு நேராக இருந்தது. இப்போதும் சொல்வேன், அந்த வெட்டில் குறை கிடையாது.

நாலைந்து குஞ்சம் முறுக்கியும் விட்டேன். அப்புறம் இரண்டையும் மடித்து, வெற்றிலை பாக்கு மஞ்சளோடு தாம்பாளத்தில் வைத்துவிட்டு, காபிக்குப் பால் வைத்தேன்.

அவர்கள் வந்தார்கள். சம்பந்தி தட்டைப் பார்த்தாள். முதலில் புரியவில்லை போல, சிரித்தாள். பெரிய துணியைப் பிரித்தாள். அதன் நுனியில் நான் முறுக்கிய குஞ்சம் தொங்கியது. அவள் அப்படியே தரையில் உட்கார்ந்தாள். சின்னத் துண்டை எடுத்து, வெட்டிய முனையையும் வெட்டிய முனையையும் எதிரெதிரே வைத்து, சேர்கிறதா என்று பார்க்கிற மாதிரி கையால் நீவினாள். அழவில்லை. அவளுடைய பாஷையில் ஏதோ மெதுவாகச் சொன்னாள்.

"என்னம்மா சொல்றாங்க?" என்று கேட்டேன்.

மருமகள் என்னைப் பார்த்த பார்வையில் அதுவரை நான் பார்க்காத ஒன்று இருந்தது. "அத்தே, இத வேணும்னே பண்ணீங்களா?"

"என்னடி கேக்கறே?"

"புள்ள பொறக்கறதுக்கு முன்ன புதுத்துணி வேணாம்னு நீங்கதானே சொன்னீங்கோ. ரெண்டு நாள் பேசாம கீந்தீங்க. இப்ப வெட்டிப் போட்டீங்க."

என்னை யாரும் அதற்கு முன்னால் அப்படிக் கேட்டதில்லை. நான் கோபக்காரி, வாய்க்காரி, எல்லாம் உண்மை. ஆனால் ஒருத்தி கைப்பாட்டை வேண்டுமென்று அழிக்கிறவளா? என் வீட்டுக்காரர்தான் மருமகளை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தார். கொஞ்சம் ஆறியபின் அவள் எல்லாவற்றையும் விளக்கினாள். அவர்கள் ஊரில் துணியைத் தறியிலிருந்து வெட்டி எடுப்பதே கிடையாது. நாலு பக்கமும் கரையோடு முழுசாக இறங்கும். முதலில் ஒரு முனையில் ஒரு சாண் நெய்துவிட்டு, பாவைத் திருப்பிக் கட்டி, மறுமுனையிலிருந்து அதை நோக்கி நெய்துகொண்டு வருவார்கள். கடைசி நாலு விரல் வரும்போது இடம் போதாமல் பாவு நெருக்கும், குச்சிகள் உள்ளே நிற்காது; அதனால்தான் அவற்றை உருவிவிட்டு ஊசியால் ஒவ்வோர் ஊடையாகக் கோத்து முடிப்பார்கள். துணியில் பாதி பாடு அந்த நாலு விரலில்தான் இருக்கிறது. மறுநாள் சம்பந்தி அதைத்தான் ஆரம்பிக்க இருந்தாளாம்.

"தூண்ல கட்ற கயித்த எங்க ஊர்ல தொப்புள்கொடின்னுதான் சொல்லுவாங்கோ. அம்மா இன்னா சொல்லுச்சுன்னா..." மருமகள் அம்மாவைத் திரும்பிப் பார்த்துவிட்டுச் சொன்னாள். "கொடிய அறுக்கறது கொழந்த வந்தப்புறம்தானேன்னு கேட்டுச்சு."

வெட்கம் என்றால் என்ன என்று எனக்கு அன்றைக்குத் தெரிந்தது. அதைவிடப் பயம். டாக்டரம்மா சொன்ன தேதிக்குப் பன்னிரண்டு நாள்தான் இருந்தது. வேறு துணி நெய்யலாம் என்றால் நாளும் இல்லை, சம்பந்தி ஊரிலேயே சாயம் போட்டுக் கொண்டு வந்த நூலும் கொஞ்சம்தான் மிச்சம். இந்தப் பிள்ளை துணி இல்லாமல் பிறந்தால், மருமகள் கடைசி வரை என்னை அந்தக் கண்ணோடுதான் பார்ப்பாள்.

சம்பந்தி எழுந்து வந்து கையை நீட்டினாள். கத்தரியைக் கேட்கிறாள். கொடுத்தேன். அதை ஒரு துணியில் சுற்றி உள்ளே எடுத்துக்கொண்டு போனாள். எங்கே வைத்தாள் என்று நான் கேட்கவில்லை.

மறுநாள் காலை பத்து மணிக்குத் தூணடியில் பாய் இல்லை. சம்பந்தி ஊஞ்சலில் சும்மா உட்கார்ந்திருந்தாள். அவள் கைகள் மடியில் கிடந்ததை என்னால் பார்க்க முடியவில்லை. உள்ளே போய் வெட்டுப்பட்ட இரண்டு துண்டையும், மிச்ச நூல் கண்டையும் எடுத்துக்கொண்டு வந்து அவள் எதிரே உட்கார்ந்தேன்.

எங்கள் ஊரில் பாவு பிணைத்தல் என்று ஒரு வேலை உண்டு. தறியில் பழைய பாவு தீர்ந்து புதுப் பாவு ஏற்றும்போது, பழைய நூலின் வால் ஒவ்வொன்றையும் புது நூலின் தலை ஒவ்வொன்றோடும் சேர்க்க வேண்டும். எங்கள் வீட்டில் அது பெண்கள் வேலை. பத்து வயதிலிருந்து செய்தது. அப்போது அதன்மேல் எனக்கு அவ்வளவு வெறுப்பு. தப்பித்து வந்தால் போதும் என்றுதான் ஆவடிக்குக் கல்யாணத்துக்கே சம்மதித்தேன்.

பெரிய துணியில் ஓர வால் ஒன்றை எடுத்தேன். ஒரு விரல் நீளப் புது நூலை அதோடு பிணைத்தேன். புது நூலின் மறுமுனையைச் சின்னத் துணியின் ஓர வாலோடு பிணைத்தேன். சின்ன முடிச்சு, கண்ணுக்கே தெரியாது. அவளிடம் நீட்டினேன். அவள் அதை இழுத்துப் பார்த்தாள். இன்னும் பலமாக இழுத்தாள். பல்லில் வைத்து இழுத்தாள். முடிச்சு நின்றது.

என் முகத்தைப் பார்த்தாள். நான் அடுத்த நூலை எடுத்தேன்.

வீட்டில் நான் ரவிக்கைத் துணி வெட்டுகிற மேஜையில் இரண்டு துணியையும் விரித்து, நடுவில் அளந்து சரியாக நாலு விரல் விட்டு, அசையாமல் கிளிப் போட்டு இறுக்கினேன். இங்கே முப்பது வருஷப் பழக்கம் கை கொடுத்தது. ஒரு நூல் தளர்ந்தாலும் துணி தொய்யும், அதை விடுவேனா? அவள் இடது ஓரத்திலிருந்து, நான் வலது ஓரத்திலிருந்து. நடுவில் சந்திக்க வேண்டும். எத்தனை நூல் என்று நான் எண்ணவில்லை, எண்ணினால் பயம் வந்துவிடும். முதல் நாள் அவளுக்கு நான் முடிச்சைப் பத்துத் தடவை காட்டினேன். மூன்றாம் நாள் அவள் என்னைவிட வேகமாகப் போனாள், எனக்குப் பொறுக்கவில்லை, நானும் வேகம் பிடித்தேன். என் வீட்டுக்காரர் சமையல் செய்தார். அவர் செய்த சாம்பாரைச் சாப்பிட்டதையும் என் தண்டனையில் சேர்த்துக்கொள்ளலாம்.

ஒரே ஒரு விஷயத்தில்தான் எனக்குக் கை அரித்தது. ஒவ்வொரு முடிச்சிலும் சின்ன வால் மிஞ்சும். அதைக் கத்தரிக்காமல் எப்படி விடுவது? கத்தரிதான் இல்லையே, பல்லால் கடிக்கப் போனேன். சம்பந்தி என் தாடையைப் பிடித்து நிறுத்தினாள். வேண்டாம் என்று தலையாட்டினாள். பிசிறு நூலுக்காகச் சட்டைகளைத் திருப்பி அனுப்பிய நான், நாலு விரலுக்கு முழுக்கப் பிசிறாக, பூனை முதுகு மாதிரி சிலிர்த்துக்கொண்டு நின்ற துணியைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்தேன்.

எட்டாம் நாள் நடுவில் சந்தித்தோம். கடைசி முடிச்சை நீ போடு, நீ போடு என்று சைகையில் உபசாரம் நடந்தது. மருமகள் ஊஞ்சலில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த எட்டு நாளும் அவள் என்னோடு தேவைக்கு மட்டும்தான் பேசினாள்.

அன்று மாலையே துணியைத் தூணில் கட்டி ஊசி வேலையை ஆரம்பித்தாள் சம்பந்தி. ஊசியைப் பாவு நூல்களுக்கு மேலும் கீழுமாக நுழைத்து ஒரு ஊடை போகக் கால் மணி நேரம். இடம் சுருங்கச் சுருங்க அதற்கும் மேல். நான் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு நுழைப்பையும் பார்த்தேன். வேறு வேலை எனக்கு ஓடவில்லை.

பதினோராம் நாள், காலை பதினோரு மணி இருக்கும். நெய்யாத இடம் அரை விரல்கூட இல்லை. மருமகள் அடுப்படியிலிருந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றாள்.

"அத்தே, வலிக்கிது. காத்தாலேர்ந்தே வலிக்கிது, சொல்லல."

பிரசவ வார்டில் கூட ஒருத்தர்தான் இருக்கலாம். அது அம்மாவாகத்தான் இருக்க வேண்டும், அதில் பேச்சே இல்லை. என் வீட்டுக்காரர் ஆட்டோவுக்கு ஓடினார். சம்பந்தி பெண்ணைப் பார்த்தாள், துணியைப் பார்த்தாள். பிறகு இடுப்புப் பட்டையை அவிழ்த்தாள். அதை என் இடுப்பில் வைத்து, பின்னால் சுற்றிக் கொண்டு வந்து, குச்சியில் மாட்டினாள். என் தோளை இரண்டு கையாலும் பிடித்துப் பின்னால் ஒரு தள்ளு தள்ளினாள். பாவு விறைத்தது. ஊசியை என் கையில் கொடுத்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு ஆட்டோவில் ஏறினாள்.

வெட்டியவள் கையிலேயே ஊசியைக் கொடுத்துவிட்டுப் போகிறாளே என்று நினைத்தபோதுதான் எனக்கு அழுகை வந்தது. அழுதுகொண்டே நெய்தேன். கண்ணீர் துணியில் விழாமல் தலையைத் திருப்பிக்கொண்டேன், சாயம் ஓடிவிட்டால் என்ன செய்வது?

எனக்குப் பழக்கமில்லாத தறி. கொஞ்சம் முன்னால் வந்தால் நூல் தொய்ந்தது, ரொம்பச் சாய்ந்தால் ஊசி நுழையவில்லை. கொஞ்ச நேரத்தில் இடுப்புக்கே புரிந்துவிட்டது. மீன்காரம்மா வாசலில் நின்று, "ஆசுபத்திரிக்குப் போவாம இங்க இன்னா பண்ணிக்கினு கீறே?" என்று கேட்டார். "வேலையாத்தான் இருக்கேன், போங்க," என்றேன். கடைசி ஊடைக்கு ஊசி போகவே மாட்டேன் என்றது. ஈரக் கையால் நூலை நீவி, ஊசியின் பின்பக்கத்தால் இடம் செய்து, ஒவ்வொரு நூலாகத் தாண்டினேன். ஒன்றரை மணிக்கு முடிந்தது. குச்சிகளை உருவினேன். நாலு பக்கமும் கரையோடு துணி முழுசாக என் கையில் வந்தது.

திருநின்றவூர் ஸ்டேஷனில் ஆவடி வண்டி நின்றுகொண்டிருந்தது. ஓடிப்போய் ஏறினேன். எதிரே உட்கார்ந்த பெண் என் மடியில் இருந்த துணியைத் தொட்டுப் பார்த்து, எங்கே வாங்கினீர்கள் என்று கேட்டாள். சம்பந்தி வீட்டில் நெய்தது என்று சொன்னேன்.

வார்டுக் கதவைத் தட்டினேன். சம்பந்தி எட்டிப் பார்த்தாள். துணியை விரித்தேன். பிசிறு நிற்கிற அந்த நாலு விரல் பட்டையை இரண்டு உள்ளங்கையாலும் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை தடவினாள். வாங்கி மார்போடு அணைத்துக்கொண்டு உள்ளே போனாள். நாலு மணிக்குப் பெண் குழந்தை பிறந்தது. அதற்குள் என் மகனும் ஆபீஸிலிருந்து வந்துவிட்டிருந்தான்.

அறைக்கு மாற்றிய பிறகு எங்களை உள்ளே விட்டார்கள். குழந்தையைச் சுற்ற வேட்டி எடுக்கலாம் என்று சம்பந்தி கொண்டுவந்திருந்த பையைத் திறந்தேன். வேட்டிகளுக்கு அடியில் ஏதோ கனமாகத் தட்டியது. துணியில் சுற்றிய என் கத்தரி. இவ்வளவு பெரிய கத்தரியைப் பிரசவ வார்டுக்குள் கொண்டுவந்து வைத்திருக்கிறாள், நர்ஸ் பார்த்திருந்தால் என்ன ஆகியிருக்கும்!

பேத்தியைப் பழைய வேட்டியில் சுற்றினேன். சம்பந்தி அவளை வாங்கி, வேட்டிக்கு மேல் அந்தத் துணியைச் சுற்றித் தன் தோளோடு சேர்த்துக் கட்டிக்கொண்டாள். முடிச்சுப் பட்டை குழந்தையின் முதுகுப் பக்கம் வெளியே தெரிந்தது, பிசிறு எல்லாம் நீட்டிக்கொண்டு. பிறகு என் பக்கம் திரும்பி நின்றாள். எத்தனை நாளாகப் பயிற்சி செய்தாளோ, தமிழில் சொன்னாள்.

"வெட்டு, சம்பந்தி."

கை நடுங்கியது என்று எழுதினால் நன்றாகத்தான் இருக்கும். நடுங்கவில்லை. கத்தரியின் நுனியால் முதல் வாலைப் பிடித்து, முடிச்சு வரை போய், ஒட்ட வெட்டினேன். அடுத்ததை எடுத்தேன்.

கட்டிலில் இருந்து ஒரு குரல் வந்தது. சோர்ந்த குரல், ஆனால் சிரிப்பு இருந்தது. "பாத்து அத்தே. குறுக்கால வெட்டிறப் போறீங்கோ."

"நீ பேசாம தூங்குடி," என்றேன். வால்களை ஒவ்வொன்றாக வெட்டிக்கொண்டே போனேன். குழந்தை அசையாமல் தூங்கினாள்.